ஆட்கொணர்வு

ஆள் + கொணர்வு. வல்லினம் வர, ளகர ஒற்று டகரமானது. கொணர்தல் என்றால் கொண்டுவருதல். இச்சொல்லுக்கு மூலமான 'ஹேபியஸ் கார்பஸ்' என்ற லத்தீன் தொடரில் உள்ள 'கார்பஸ்' உடலைக் குறிக்கும்; 'உடலைக் கொண்டுவந்து நிறுத்து' என்பது அதன் கருத்து. தமிழாக்கியவர்கள் உடலை விட்டு ஆளை எடுத்துக்கொண்டது எனக்கு மிகவும் பிடிக்கும். ஆளுக்கு வாயுண்டு, மனமுண்டு.

சட்டவிரோதக் காவலில் இருப்பவரை மீட்க, உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226-ஆம் உறுப்பின்கீழ் ஆட்கொணர்வு மனு போடப்படுகிறது. அடைத்து வைத்தது போலீஸாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. பிறந்த வீடாகவும் இருக்கலாம். 'மகளைக் காணவில்லை' என்று பெற்றோரே மனு போடுவதும் உண்டு. கொண்டுவரப்பட்டவர் பதினெட்டு வயது நிறைந்தவர் என்றால், நீதிபதி கேட்க வேண்டியது ஒன்றுதான்: "எங்கே இருக்க விரும்புகிறாய், அம்மா?"

2017-இல் கேரள உயர் நீதிமன்றம், இத்தகைய மனுவொன்றில், 24 வயதுப் பெண்ணின் திருமணத்தையே செல்லாதென்று அறிவித்து, அவரைப் பெற்றோரிடம் அனுப்பியது. அது பெரும் பிழை. 2018 மார்ச் 8 அன்று உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்பை நீக்கியது.

மனுவின் பெயரில் இருப்பது கொணர்வு மட்டுமே, ஒப்படைப்பு இல்லை.