கொடுமுடி கோகிலம் – 6: கொழும்பு மேடை

சென்ற வாரம் நந்தனார் வேடத்தின் வாயிலில் வந்து நிறுத்தியிருந்தோம். இருபத்தாறே வயது நிரம்பிய ஒரு விதவை, ஆண் வேடம் புனைந்து சினிமாவில் பிரவேசிப்பதற்கு ஒரு லட்சம் ரூபாய் சன்மானம் பெற்ற விந்தையை இவ்வாரம் விரித்துரைப்பதாக வாக்களித்தும் இருந்தோம். ஆயினும், அந்த ஒரு லட்சத்தின் பொருள் விளங்க வேண்டுமானால் அதற்கு ஒன்பது ஆண்டுகளுக்கு முன் கொழும்பு நகரத்து நாடக மேடையொன்றில் இரண்டு குரல்கள் சந்தித்த கதையை முதலில் சொல்லியாக வேண்டும். அதைச் சொல்லாமல் கே.பி. சுந்தராம்பாளின் சரித்திரத்தை எழுதுவது, பல்லவியை விட்டுவிட்டுச் சரணத்தைப் பாடுவதாக முடியும்.

1926-ஆம் ஆண்டு. செங்கோட்டைக் கிட்டப்பாவுக்கு இருபது வயது. கொடுமுடிச் சுந்தராம்பாள் பதினெட்டை எட்டிக்கொண்டிருந்தார். கன்னையா கம்பெனியின் தசாவதார நாடகத்தில் பரதனாக வந்து சென்னை ஜனங்களைக் கிறங்கச் செய்த பிரசித்தி ஒருவருக்கு. சிறுமியாக இருந்தபோதே கப்பலேறிச் சென்று, பால வேடங்களிலும் பின்னர் நாயகி வேடங்களிலும் இலங்கைத் தமிழரின் அபிமானத்தைச் சம்பாதித்துக்கொண்ட பெருமை மற்றவருக்கு. இவ்விருவரையும் ஒரே மேடையில் ஏற்றிவிட்டால் வசூல் குவியும் என்று கணக்குப் போட்ட நாடகக் காண்ட்ராக்டர்கள், அந்தக் கணக்கைத் தவிர வேறெதையும் யோசித்ததாகத் தெரியவில்லை. அந்த அம்மாளுடன் பாடினால் உம்முடைய பாட்டு எடுபடாது என்று கிட்டப்பாவைச் சிலர் பயமுறுத்தினார்கள் என்றும், அவருடைய சங்கதிகளுக்கு ஈடுகொடுக்க உன்னால் ஆகாது என்று சுந்தராம்பாளிடமும் சிலர் ஓதினார்கள் என்றும் சொல்வதுண்டு. கலைஞர்களை மோதவிட்டு வேடிக்கை பார்க்கும் இந்த ஈனப் புத்திக்காரர்களை நாம் எந்த அத்தியாயத்திலும் மன்னிப்பதற்கில்லை.

அவர்கள் சந்தித்த அந்த ஸ்பெஷல் நாடகம் எவ்விதம் நடந்தது என்பதை இக்காலத்து இளைஞர்களுக்குச் சற்று விளக்க வேண்டும். கம்பெனி நாடகத்தில் ஒரே ஆசிரியரிடம் பாடம் கேட்டு, ஒரே கூரையின் கீழ் உண்டு உறங்கிப் பழகியவர்கள் நடிப்பார்கள். ஸ்பெஷல் நாடகத்திலோ ராஜபார்ட் ஓர் ஊரிலிருந்து வருவார், ஸ்திரீபார்ட் மற்றோர் ஊரிலிருந்து வருவார், பபூன் மூன்றாவது ஊரிலிருந்து வந்து சேருவார். ஒத்திகை என்பது கிடையாது. நாடகாசிரியர் சங்கரதாஸ் சுவாமிகளின் பாடல்களும் கதைப் போக்கும் அனைவருக்கும் மனப்பாடமாதலால் அதுவே பொதுச் சொத்து. அதற்கு மேல் நடப்பதெல்லாம் அவரவர் வித்வத். எதிரே நிற்பவர் எந்த ராகத்தில் எடுப்பார், எந்த இடத்தில் நிறுத்துவார், எந்தக் கேள்வியைக் கேட்டு மடக்குவார் என்பது திரை தூக்கிய பிறகுதான் தெரியும். மைக் இல்லாத காலம். காஸ் விளக்கின் வெளிச்சத்தில், ஹார்மோனியத்தின் உச்ச சுருதியை எட்டிப் பிடித்து, கொட்டகையின் கடைசி வரிசையில் தரையில் அமர்ந்திருப்பவனுக்கும் அட்சரம் அட்சரமாகக் கேட்கும்படி, இரவு பத்து மணி தொடங்கி விடியும் வரையில் பாடியாக வேண்டும். சாரீரம் சற்றே கம்மினாலும் ஜனங்கள் எழுந்து கூச்சலிட்டுவிடுவார்கள்.

இத்தகைய மேடையில் வள்ளி திருமணம் என்பது நாடகமாக மட்டும் இருந்ததில்லை. அது ஒரு துவந்த யுத்தம். தினைப்புனத்தில் பரண்மீது நிற்கும் வள்ளியிடம் வேடனாக வருகிற வேலன், வந்த வழியைக் கேட்பதில் ஆரம்பித்து, குலம் கோத்திரம் வரையில் தர்க்கத்தை வளர்த்துக்கொண்டே போவான். அவள் விடை சொல்வதோடு நில்லாமல் எதிர்க் கேள்வியும் போடுவாள். வசனம் பாட்டாகும், பாட்டு விருத்தமாகும், விருத்தம் ராக ஆலாபனையாக விரியும். இருவரில் யார் முதலில் மூச்சு வாங்குகிறார் என்று ரஸிகர்கள் கண்கொட்டாமல் பார்த்திருப்பார்கள். மின்னலைப் போன்ற பிருகாக்களோடு பாடுகிற கிட்டப்பாவுக்கு எதிரில், ஒவ்வொரு சொல்லையும் உருக்கி வார்த்து, கமகத்தின் கனத்தோடு நிறுத்திப் பாடுகிற சுந்தராம்பாள் நின்றபோது, வெற்றி தோல்வியை எதிர்பார்த்து வந்த கூட்டத்துக்கு ஏமாற்றமே கிடைத்திருக்க வேண்டும். ஏனெனில் அங்கே விளைந்தது ஒரு ஜோடி. பிற்காலத்தில் இருவரும் கொடுத்த இசைத்தட்டுகளைக் கேட்டவர்கள் இதை அறிவார்கள். ஒருவர் பாணியை மற்றவர் பின்பற்றவே இல்லை. இருந்தும் ஒருவர் இல்லாமல் மற்றவரை நினைக்கத் தோன்றுவதில்லை.

இந்த வள்ளி திருமணத்தின் மகிமை நம் மலாயாத் தமிழருக்கு அந்நியமானதன்று. பினாங்கில் இறங்கி, ரயிலேறி, தஞ்சோங் மாலிமிலும் சிலிம் ரிவரிலும் பேராங்கிலும் பால்மரக் காடுகளுக்குள் போய்ச் சேர்ந்த நம் முன்னோர், தகரப் பெட்டியில் இரண்டு வேட்டியும் மனத்தில் சில நாடகங்களுமாகத்தான் வந்தார்கள். தோட்டத்து மாரியம்மன் திருவிழாக்களில் மீசை மழித்த பால்வெட்டுக்காரர் ஒருவர் வள்ளியாகவும், தண்டல் ஒருவர் வேலனாகவும் நின்று விடிய விடியத் தர்க்கம் செய்த கதைகளை எங்கள் தஞ்சோங் மாலிம் பகுதியில் வயோதிகர்கள் வாயிலாகக் கேட்டிருக்கிறேன். கிராணி வீட்டுக் கிராமபோனில் சுழன்ற கிட்டப்பா, சுந்தராம்பாள் தட்டு, லயத்துத் திண்ணை வரையில் கேட்குமாம். அப்போது, "இது அய்யரு, இது அம்மா" என்று பிரித்துச் சொல்லத் தெரியாத பிள்ளை அந்த லயத்திலேயே கிடையாது என்று பேராங் தோட்டத்துப் பெரியவர் ஒருவர் என்னிடம் சொன்னபோது, சங்கீத சபைகளின் முன்வரிசையை விட உயர்ந்த ரஸிகத்தன்மை அந்தத் திண்ணைகளில் வாழ்ந்திருக்கிறது என்று எண்ணினேன். இன்றும் அந்த அபிப்பிராயத்தை நான் மாற்றிக்கொள்ளவில்லை.

கொழும்புச் சந்திப்பு மறு ஆண்டில் விவாகமாயிற்று. கிட்டப்பாவுக்கு முன்னரே மனைவி உண்டு என்பதையும், ஜாதி வித்தியாசம் அந்நாளில் எவ்வளவு பெரிய மதிலாக நின்றது என்பதையும் நேயர்கள் அறிவார்கள். மேடையில் இணைபிரியாமல் நின்ற இருவர், இல்லறத்தில் அவ்விதம் நிற்க இயலவில்லை. பிறந்த குழந்தையும் தங்கவில்லை. நாளடைவில் கிட்டப்பா விலகி வாழலானார்; குடிப்பழக்கம் அவருடைய தேகத்தைத் தின்றது. பிரிந்திருந்த காலத்தில் சுந்தராம்பாள் அவருக்கு எழுதிய கடிதங்கள் சில பின்னாளில் அச்சேறியிருக்கின்றன. அவற்றைப் படிப்பவர் எவரும், கோபமும் பக்தியும் சுயமரியாதையும் ஒன்றையொன்று விழுங்காமல் ஒரே பக்கத்தில் இருக்கக் கூடும் என்பதைக் காண்பார்கள். கிட்டப்பாவின் சங்கீதத்துக்கு நான் அடிமை. ஆனால், அத்தகைய பெண்ணைத் தனிமையில் நிறுத்திய கணவர் என்ற வகையில் அவர் குற்றவாளியே என்பதைச் சொல்லாமல் போனால் இத்தொடர் நேர்மையான தொடராகாது.

1933-ஆம் ஆண்டு டிசம்பர் 2-ஆம் நாள், இருபத்தேழு வயதில் கிட்டப்பா காலமானார். சுந்தராம்பாளுக்கு அப்போது இருபத்தைந்து வயது. வெள்ளைப் புடவை உடுத்தினார், அணிகளைக் களைந்தார், எந்த ஆடவருக்கும் ஜோடியாக இனி நடிப்பதில்லை என்று விரதம் பூண்டார். இந்த விரதத்தைப் பதிவிரதா தர்மத்தின் உதாரணமாக மட்டுமே நம்மவர்கள் கொண்டாடி வந்திருக்கிறார்கள். அதில் ஒரு கலைஞரின் தீர்ப்பும் அடங்கியிருக்கிறது என்பது என் துணிபு. கொழும்பு மேடையில் தமக்குச் சமமாக நின்ற குரலைக் கேட்டுவிட்ட காது, வேறொரு குரலை அந்த ஸ்தானத்தில் வைத்துப் பார்க்கச் சம்மதிக்கவில்லை. அதன் பின் அவர் ஏற்ற வேடங்களைப் பாருங்கள்: நந்தனார், மணிமேகலை, ஔவையார், கவுந்தியடிகள். ஒன்றிலாவது ஒரு நாயகனின் நிழலில் அவர் நிற்கவில்லை.

துக்கத்தில் ஒடுங்கியிருந்த அவரை வெளியே அழைத்து வந்ததில் தீரர் சத்தியமூர்த்திக்குப் பெரும் பங்கு உண்டு. காங்கிரஸ் மேடைகளில் அந்தக் குரல் தேசபக்தியின் குரலாக ஒலித்தது. பின்னர் அசன்தாஸ் என்ற பட முதலாளி நந்தனாரைப் படமாக்க வந்து கேட்டபோது, மறுத்துவிடும் நோக்கத்துடனேயே ஒரு லட்சம் ரூபாய் என்று அவர் சொன்னதாகவும், அம்முதலாளி சளைக்காமல் சம்மதித்துவிட்டதாகவும் கதை. நம் தோட்டங்களில் ரப்பர் விலை சரிந்து, ஆண்களின் நாட்கூலி ஐம்பது காசுக்கும் கீழே இறங்கி, கப்பல் கப்பலாக ஜனங்கள் ஊருக்குத் திருப்பியனுப்பப்பட்ட மந்த காலத்தின் வடு ஆறாத வேளை அது. அந்தத் தொகையைக் கேள்வியுற்றவர்கள் வாயடைத்துப் போயிருப்பார்கள். ஆயினும் அது ஒரு விதவையின் மேல் இரங்கிக் கொடுத்த பணமன்று. மைக் இல்லாமல் விடிய விடியப் பாடி, நாடு கடந்த கொட்டகைகளை நிரப்பிய குரலுக்கு, 1926-லேயே கொடுத்திருக்க வேண்டிய விலை.

1935-இல் வெளிவந்த அந்தப் படத்தில் வேதியராக வந்த மகாராஜபுரம் விசுவநாத ஐயரைப் பற்றியும், சங்கீத வித்வான் ஒருவரின் முன்னால் ஆண் வேடத்தில் நின்று பாடிய நம் நாயகியின் தைரியத்தைப் பற்றியும், அப்படத்துக்கு எழுந்த கண்டனங்களைப் பற்றியும் அடுத்த வாரம் எழுதுகிறேன். இம்முறை இடம் அதற்குப் போதவில்லை.

அதற்கு முன் நேயர்களுக்கு ஒரு விண்ணப்பம். தோட்டங்கள் துண்டாடப்பட்டு, லயங்கள் இடிக்கப்பட்டு, குடும்பங்கள் பட்டணத்து அடுக்குமாடிகளுக்குக் குடிபெயர்ந்தபோது, பரணிலும் பெட்டியிலும் கிடந்த கிட்டப்பா, சுந்தராம்பாள் இசைத்தட்டுகளை எத்தனையோ பேர் குப்பையில் போட்டுவிட்டார்கள். உங்கள் பாட்டனார் வீட்டில் அப்படி ஒரு தட்டேனும் எஞ்சியிருந்தால், கீறல் விழுந்திருந்தாலும் எறிந்துவிடாதீர்கள். உறையின் மேலுள்ள எழுத்துக்களைப் படமெடுத்து இப்பத்திரிகையின் முகவரிக்கு அனுப்பி வையுங்கள்.