தலைப்பாகையால் பதவி இழந்த கவர்னர்

வில்லியம் பெண்டிங்க் என்றதும் சதி ஒழிப்புதான் ஞாபகம் வரும். பாடப்புத்தகம் அந்த ஒரு வரியோடு ஆளை முடித்துவிடுகிறது. அதற்கு முன்பே அவர் சென்னையில் கவர்னராக இருந்து பதவி பறிபோனவர்!

1791-ல் ராணுவம், 1796-ல் எம்.பி., 1803-ல் சென்னை கவர்னர். அப்போது முப்பது வயதுகூட ஆகவில்லை. படைத்தளபதி கிரடாக் சிப்பாய்களுக்குப் புது விதிகள் போட்டார்: நெற்றியில் குறி கூடாது, தாடி கூடாது, தோல் வைத்த புதுத் தலைப்பாகைதான் அணிய வேண்டும். மறுத்தவர்களுக்குக் கசையடி. பெண்டிங்கும் அந்த விதிகளுக்குத் துணை நின்றார்.

1806 ஜூலை 10 விடியுமுன் வேலூர்க் கோட்டை வெடித்தது. நூற்றுக்கும் மேற்பட்ட வெள்ளையர்கள் இறந்தார்கள். ஆற்காட்டிலிருந்து குதிரைப்படை வந்ததும் அதைவிட அதிகமான சிப்பாய்கள் கொல்லப்பட்டார்கள். 1807-ல் கவர்னர், தளபதி இருவரையும் கம்பெனி திருப்பி அழைத்தது. அதே ஆண்டு பெண்டிங்கின் அப்பா பிரிட்டிஷ் பிரதமர் ஆனார், அதுவும் மகனைக் காப்பாற்றவில்லை.

1828-ல் கவர்னர் ஜெனரலாகத் திரும்பி வந்தார். சூடு கண்ட பூனை அல்லவா? 1829-ல் சதியைத் தடை செய்யுமுன், சிப்பாய்கள் கொந்தளிப்பார்களா என்று படை அதிகாரிகளிடம் ரகசியமாகக் கேட்டுக்கொண்டார். 1835-ல் இந்தியச் சிப்பாய்களுக்கான கசையடியையும் ஒழித்தார். பத்தே வருடத்தில் அடுத்து வந்தவர்கள் அதைத் திரும்பக் கொண்டுவந்துவிட்டார்கள்.