ராமாவரம் தோட்டத்துக் குரல்

பரங்கிமலை - பூந்தமல்லி சாலையை ஒட்டி, மணப்பாக்கம் பக்கத்தில் இருக்கிறது நடிகர் எம்.ஜி.ஆர் வாழ்ந்த ராமாவரம் தோட்டம். 1967 ஜனவரி 12 மாலை, படம் பற்றிப் பேச அங்கே வந்த சக நடிகர் எம்.ஆர்.ராதா, எம்.ஜி.ஆரைச் சுட்டார், தன்னையும் சுட்டுக்கொண்டார். இருவரும் உயிர் பிழைத்தார்கள்.

அந்த வீட்டுக்கு எம்.ஜி.ஆர் வந்து சேர்ந்த வழி நெடியது. 1917-இல் இலங்கை நாவலப்பிட்டியில் பிறந்தவர், சிறுவயதிலேயே நாடகக் கம்பெனிக்குப் போனார். 1936-இல் ‘சதிலீலாவதி’யில் சின்ன வேடம். கதாநாயகனாக ‘ராஜகுமாரி’ கிடைத்தபோது போர் முடிந்து, நாடும் விடுதலையாகும் 1947. பதினோரு வருடக் காத்திருப்பு அது! 1958-இல் ‘நாடோடி மன்னன்’: தயாரிப்பு, இயக்கம், இரட்டை வேடம் எல்லாம் அவரே.

அந்த ஜனவரி மாலை ராதா சுட்ட குண்டு எம்.ஜி.ஆரின் கழுத்தில் பாய்ந்தது. கட்டுப்போட்ட கழுத்தோடு அவர் இருக்கும் படம் சுவரொட்டியாகி ஊரெங்கும் ஒட்டப்பட்டது. அந்த ஆண்டு சட்டமன்றத் தேர்தலில், பிரசாரத்துக்கே போகாமல் பரங்கிமலைத் தொகுதியில் வென்றார்.

ஆனால் பழைய குரல் போனது போனதுதான். நடிகனுக்கு இதைவிடப் பெரிய இழப்பு இல்லை. அதே ஆண்டு வந்த ‘காவல்காரன்’ படத்தைக் கவனித்துக் கேட்டால் சில வசனங்களில் நாக்கு தடுமாறுவது தெரியும். இரவல் குரலை அவர் நாடவில்லை, ரசிகர்களும் கைவிடவில்லை. ‘அடிமைப் பெண்’, ‘ரிக்‌ஷாக்காரன்’, ‘உலகம் சுற்றும் வாலிபன்’ எல்லாம் அதற்குப் பிறகு ஓடிய படங்களே.

1987-இல் அவர் மறைந்த பின், அவர் உயில்படி அந்தத் தோட்டத்திலேயே காது கேளாத, வாய் பேசாத பிள்ளைகளுக்குப் பள்ளி தொடங்கப்பட்டது.