அம்மா கேட்ட கேள்வி



எழுபதுகளில் பெரம்பலூரிலிருந்து பஸ் ஏறி அரியலூர் வந்து படித்தவன் நான். அப்போது இரண்டுமே திருச்சி மாவட்டத்து ஊர்கள். எங்க ஊருக்கு ரயில் கிடையாது. அதனால் மாலையில் அரியலூர் ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்து அரட்டை அடிப்பதே எனக்குப் பெரிய சந்தோஷம். அங்கேதான் சீனியர் ஒருவர் ஆளவந்தார் கொலை வழக்கைச் சொன்னார்.

சென்னை பாரிமுனையில் பேனாக் கடை ஒன்றில் பிளாஸ்டிக் சாமான் விற்றுவந்தவர் ஆளவந்தார். 1952 ஆகஸ்ட் 28-ல் காணாமல் போனார். இந்தோ-சிலோன் எக்ஸ்பிரஸில் ஒரு டிரங்குப் பெட்டி நாறவே, மானாமதுரையில் திறந்து பார்த்தார்கள். உள்ளே தலையில்லாத உடல்! தலை ராயபுரம் கடற்கரையில் கிடைத்தது. அவர் முன்பு ராணுவத்தில் இருந்ததால், அங்கே பதிவான கைரேகை அடையாளம் காட்டியது. பிரபாகர மேனனும் மனைவி தேவகியும் பிடிபட்டார்கள். தேவகிக்கு ஆளவந்தாரோடு திருமணத்துக்கு முன்பே பழக்கம். திருமணமான பிறகும் அவர் விடவில்லை.

சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி ஏ.எஸ்.பி. அய்யர் முன்னிலையில், ஜூரிகளோடு விசாரணை நடந்தது. வேடிக்கை பார்க்கக் கூட்டம் அலைமோதியது. 1953-ல் மேனனுக்கு ஏழு ஆண்டும் தேவகிக்கு மூன்று ஆண்டும் சிறை. ஊரின் அனுதாபம் மேனன் பக்கமே இருந்தது. 1959-ல் பம்பாயில் நானாவதி வழக்கிலும் இதே கதைதான்: ஜூரிகள் குற்றவாளி இல்லை என்றார்கள், உயர் நீதிமன்றம் ஆயுள் தண்டனை கொடுத்தது.

"மேனன் செஞ்சது சரிதான்" என்று பெஞ்சில் அடித்துப் பேசியவன் நான். சனிக்கிழமை வீட்டுக்குப் போய் அம்மாவிடமும் அதே பெருமையோடு சொன்னேன். முறத்தில் கம்பு புடைத்துக்கொண்டிருந்த அம்மா நிமிர்ந்து பார்த்தாள்.

"ஏன்டா, செத்தவன் பொண்டாட்டி என்ன பாவம் செஞ்சா? அந்தத் தேவகிப் பொண்ணு அவன் தொல்லையை முன்னாடியே யாருகிட்டப் போயி சொல்லியிருக்க முடியும்? சொன்னா நீங்கள்லாம் நம்பியிருப்பீங்களா?"

பதில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. செத்தவன் நல்லவனா கெட்டவனா என்றே பேசிக்கொண்டிருந்தோம். புருஷனைத் தேடி அலைந்த மனைவியை நாங்கள் நினைத்தே பார்க்கவில்லை.

பெண்ணைப் பின்தொடர்ந்து தொல்லை செய்வது 2013 முதல் தனிக் குற்றம். சட்டம் வந்துவிட்டது. ஆனால் ஒரு பெண் வந்து சொன்னால் நாம் நம்புகிறோமா? தம்பி தங்கைகளே, அம்மாவுக்கு நான் சொல்லாத பதிலை நீங்கள்தான் சொல்ல வேண்டும்.