சனிக்கிழமை பட்டுவாடா

திட்டக்குடியில் எங்கள் வீட்டுக் கணக்கு ஞாயிற்றில் தொடங்கிச் சனியில் முடியும். அப்பா விருத்தாசலத்தில் ஒரு பீங்கான் பட்டறையில் அச்சு ஊற்றினார். சனிக்கிழமை சாயங்காலம் அங்கே பட்டுவாடா.

நெய்வேலியில் 1956-இல் நிலக்கரி நிறுவனம் வந்தது. சுரங்கம் தோண்டியபோது நிலக்கரிக்கு மேலே வெள்ளைக் களிமண்ணும் கிடைத்தது. அது விருத்தாசலத்துப் பீங்கான் தொழிலுக்குப் பெரிய பலம். பொம்மை, அகல் விளக்கு, மின்சார பியூஸ் கேரியர் எல்லாம் அங்கிருந்து வெளியூர் போயின.

மண்கூழைப் பிளாஸ்டர் அச்சில் ஊற்றுவார்கள். அச்சு ஈரத்தை உறிஞ்ச, உள்பக்கம் மண் தோல்போலப் படியும். மிச்சக் கூழைக் கவிழ்த்துவிட்டு, இறுகியதும் அச்சைப் பிரித்தால் பொம்மை. அப்பாவுக்கு உருப்படிக் கணக்கில் கூலி. மழை பிடித்தால் அச்சு காயாது. அச்சு காயாமல் அடுத்த உருப்படி ஏது? தீபாவளிச் செலவு கழுத்தைப் பிடிக்கும் ஐப்பசியில்தான் கூலியும் இளைக்கும்.

வியாழக்கிழமையே அரிசிப் பானையில் அடி தெரியும். அம்மா பற்று நோட்டைக் கொடுத்து என்னைக் கடைக்கு அனுப்புவாள். கால் கிலோ பருப்பு, நூறு புளி, கொஞ்சம் எண்ணெய். "நாளன்னிக்கு அப்பாவுக்குப் பட்டுவாடா உண்டுல்ல பாப்பா?" என்று கேட்டுவிட்டுத்தான் அண்ணாச்சி பேனாவை எடுப்பார். சனி ராத்திரி அப்பா கொண்டுவரும் பணத்தில் முதலில் கடைப் பாக்கி, பிறகு சீட்டு, பிறகு பக்கத்து வீட்டுக் கைமாத்து. மிச்சம் இருந்தால் ஞாயிற்றுக்கிழமை கறி.

பட்டுவாடா நாளுக்குச் சட்டமும் இருந்தது. இந்தியாவில் 1936-ஆம் ஆண்டு ஊதியம் வழங்கல் சட்டம், 1,000 பேருக்குக் குறைவான தொழிற்சாலையில் ஊதியக் காலம் முடிந்த 7 நாளுக்குள் பணம் தரவேண்டும் என்றது. ஜப்பானில் 1947-இல் வந்த தொழிலாளர் தரநிலைச் சட்டம் மாதம் ஒரு முறையாவது, குறித்த தேதியில், முழுக் கூலியையும் தொழிலாளி கையிலேயே தரச் சொன்னது. அங்கே பல கம்பெனிகளில் 25-ஆம் தேதி சம்பளம். எந்த ஊரானாலும் சட்டம் முதலாளிக்குத்தான் கெடு வைத்தது. அதுவரை அடுப்பு எரிந்தது கடன் கொடுத்த கடைக்காரராலும், அதை ஒரு நாளும் தவறாமல் அடைத்த எங்கள் அம்மா போன்ற பெண்களாலும்தான். தொழிலின் வரலாற்றில் அவர்களுக்கு இடம் வேண்டும்.

திட்டக்குடி, பெண்ணாடம், விருத்தாசலம் பக்கம் யார் வீட்டுப் பரணிலாவது பற்று நோட்டு கிடந்தால் தயவுசெய்து எடைக்குப் போட்டுவிடாதீர்கள். அந்தந்த வருஷத்துப் பருப்பு விலையும், பாக்கி அடைந்த நாளும் அதில் தேதியோடு இருக்கும்.