கேட்டி ஹுராதோ

மெக்சிகோ திரைப்பட நடிகை (1924–2002). இயற்பெயர் மரியா கிறிஸ்டினா ஹுராதோ கார்சியா. மெக்சிகோ சினிமாவின் பொற்காலத்தில், 1943ஆம் ஆண்டு, திரைக்கு வந்தார்.

காளைச் சண்டை பற்றிப் பத்திரிகைகளுக்கு எழுதியும் வந்தார். காளைச் சண்டை அரங்கில் அவரைக் கண்ட அமெரிக்க இயக்குநர் பட் பெட்டிகர், தம் 1951ஆம் ஆண்டுப் படத்தில் வாய்ப்பளித்தார். அப்போது ஹுராதோவுக்கு ஆங்கிலம் சரியாகத் தெரியாது. வசனங்களை ஒலியாகவே மனப்பாடம் செய்து பேசினார்.

அடுத்த ஆண்டு வந்தது ‘ஹை நூன்’. கேரி கூப்பர் நாயகனாக நடித்த இப்படத்தில் அவர் ஏற்றது ஹெலன் ராமிரெஸ் என்ற வணிகப் பெண்ணின் வேடம். அக்கால ஹாலிவுட் மெக்சிகப் பெண்களைப் பெரும்பாலும் கேளிக்கை விடுதி அலங்காரமாகவே காட்டியது. ஹெலனோ சொந்தப் பணமும் சொந்த முடிவும் உள்ளவள். ஊரின் கோழைத்தனத்தை முதலில் புரிந்துகொள்பவளும் அவளே. இந்த வேடம் அவருக்குக் கோல்டன் குளோப் விருதைத் தந்தது.

‘புரோக்கன் லேன்ஸ்’ (1954) படத்தில் ஸ்பென்சர் டிரேசியின் மனைவியாக நடித்துத் துணை நடிகைக்கான ஆஸ்கார் பரிந்துரை பெற்றார். லத்தீன் அமெரிக்க நடிகை ஒருவருக்கு இப்பரிந்துரை கிடைத்தது அதுவே முதல் முறை.

ஹாலிவுட் புகழுக்குப் பின்னும் தாய்நாட்டுச் சினிமாவை அவர் விடவில்லை. லூயி புனுவேலின் ‘எல் புருட்டோ’ (1953) அவருக்கு ஏரியல் விருது பெற்றுத் தந்தது. மார்லன் பிராண்டோ இயக்கிய ‘ஒன்-ஐட் ஜாக்ஸ்’ (1961), ஜான் ஹூஸ்டனின் ‘அண்டர் தி வால்கேனோ’ (1984) ஆகியவற்றிலும் நடித்தார். 2002 ஜூலை 5 அன்று குவெர்னவாகாவில் காலமானார்.