கொட்ஸெபுவும் மன்ஹைம் நகரத்துக் கத்தியும்

பொன்விழா மலருக்கு நாடகாசிரியர் ஒருவரைப் பற்றி எழுதித் தருமாறு மன்றத்தார் அன்புடன் பணித்தார்கள். நம் மேடை முன்னோடிகளை வல்லவர்கள் எழுதுவார்கள். நெடுநாளாக என் நெஞ்சை விட்டகலாத ஜெர்மானியர் ஒருவரை நான் எடுத்துக்கொண்டேன்.

அவுகுஸ்ட் ஃபான் கொட்ஸெபு 1761இல் வைமாரில் பிறந்தார். இருநூறுக்கும் மேற்பட்ட நாடகங்கள் எழுதினார். பெருங்கவி கெதேவுக்கும் இவருக்கும் ஆகாது. ஆயினும் கெதே நடத்திய அரங்கிலேயே இவர் நாடகங்கள் ஓயாமல் நடந்தன. 1812இல் பெஸ்ட் நகரத்துப் புதிய அரங்கின் திறப்புவிழாவுக்கு இவர் எழுதியவற்றுக்கு இசையமைத்தவர் பீத்தோவன்.

இவர் வாழ்வில் எனக்கு மிகப் பிடித்த கட்டம் சைபீரியா. 1800இல் குடும்பத்தோடு ரஷ்யாவுக்குள் நுழைந்தவரை எல்லையிலேயே கைதுசெய்து, மனைவி மக்களைப் பிரித்து, குர்கான் வரை கொண்டுபோனார்கள். அவரை மீட்டது வழக்கறிஞரல்ல, நாடகம்! மூன்றாம் பீட்டரின் வண்டியோட்டியைப் பற்றி அவர் எழுதிய சிறு நாடகம், பீட்டரின் மகனான பேரரசர் பாவெலின் கைக்குப் போய் அவர் மனத்தை உருக்கிற்று. விடுதலையோடு பண்ணை நிலமும் கிடைத்தது. எழுத்தின் வலிமைக்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

அதே எழுத்துதான் அவருக்குப் பகையையும் தேடித் தந்தது. 1817இல் ஜெர்மனிக்குத் திரும்பி ரஷ்யப் பேரரசருக்குச் செய்தி அனுப்பிவந்தார். தம் வார இதழில் மாணவர் இயக்கத்தை எள்ளினார். அவ்வாண்டு வார்ட்புர்க் விழாவில் மாணவர்கள் அவருடைய வரலாற்று நூலைத் தீயிலிட்டார்கள்.

1819 மார்ச் 23. யேனாவின் இறையியல் மாணவன் கார்ல் லுட்விக் சாண்ட் மன்ஹைமில் அவர் வீட்டுக்கு வந்தான். தாய்நாட்டுத் துரோகி என்று கூவிக் குத்தினான். அவருடைய சின்னஞ்சிறு மகன் அங்கே நின்றதைக் கண்டதும் கத்தியைத் தன்மேலேயே பாய்ச்சிக்கொண்டான்.

கொல்லாமையைத் துறவறவியலில் வைத்தார் வள்ளுவர். இறைவழி கற்றவனே கொலைவாள் எடுத்தானே என்று எண்ணும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு பதறுகிறது. அவன் வேண்டிய சுதந்திரமாவது வந்ததா? அதே செப்டம்பரில் கார்ல்ஸ்பாத் ஆணைகள் பிறந்தன. மாணவர் சங்கங்கள் தடைசெய்யப்பட்டன. 320 பக்கத்துக்குக் குறைந்த எந்த நூலும் தணிக்கைக்குப் போகவேண்டியதாயிற்று. 1820 மே 20இல் சாண்டின் தலை வெட்டப்பட்டது. 1848 வரை அந்த ஆணைகள் நீங்கவில்லை.

மன்றத்து இளைஞர்களுக்கு ஒரு விண்ணப்பம்: அந்த வண்டியோட்டி நாடகத்தைத் தமிழாக்கி, அடுத்த ஆண்டுவிழாவில் மேடையேற்றுங்கள்.